320 கேபிபிஎஸ் என்று சொல்லும் போலி எம்பி3-களை மொத்தமாகக் கண்டுபிடிப்பது எப்படி?

வணக்கம் நண்பர்களே. ஹார்ட் டிஸ்கில் சுமார் 180 ஜிபி எம்பி3, பெரும்பாலும் தமிழ் சினிமாப் பாட்டு. ஒரே பாட்டு மூன்று நான்கு ஃபோல்டரில் கிடக்கிறது. நல்லதை மட்டும் வைத்துக்கொண்டு மற்றதைக் கழிக்க வேண்டும்.

எம்டி5 ஒப்பீடு (கோப்பின் உள்ளடக்கத்திலிருந்து கணக்கிடும் ஹாஷ் என்ற அடையாள எண்ணை ஒப்பிடுவது) உதவாது. டேக்கில் (கோப்புக்குள்ளேயே இருக்கும் பாட்டின் பெயர், பாடகர் போன்ற விவரம்) ஒரு எழுத்து மாறினாலே ஹாஷ் மாறிவிடும். மியூசிக்பிரெயின்ஸ் பிகார்ட் என்ற மென்பொருளில் அக்கூஸ்ட்ஐடி (ஒலியை வைத்தே பாட்டை அடையாளம் காணும் முறை) எடுத்தால் 128 கேபிபிஎஸ், 320 கேபிபிஎஸ் இரண்டும் ஒரே பாட்டு என்று சரியாகவே பிடிக்கிறது. சிக்கல் அதற்கு அப்புறம்தான். பிட்ரேட் (ஒரு நொடி ஒலிக்கு எத்தனை கிலோபிட் என்ற அளவு) பெரியதை வைத்துக்கொள்ளலாம் என்றால், 320-இல் நிறைய 128-ஐ ஊதிப் பெருக்கியவை. ஒலியின் அலைவரிசைகளைப் படமாகக் காட்டும் ஸ்பெக் மென்பொருளில் திறந்தால் 16 கிலோஹெர்ட்ஸுக்கு மேலே கத்தியால் வெட்டியது போல வெறும் கறுப்பு. சிடியிலிருந்து நேரடியாக எடுத்த 320 என்றால் 20 கிலோஹெர்ட்ஸ் வரை ஏறும். (பழைய இசைத்தட்டு, கேசட் ஒலிப்பதிவுகளில் மேல் அலைவரிசையே குறைவு, அங்கே இந்தச் சோதனையை நம்பக் கூடாது.)

ஒவ்வொன்றாகக் கண்ணால் பார்த்துக்கொண்டிருக்க முடியாது. இந்த வெட்டு எங்கே விழுகிறது என்று ஃபோல்டர் முழுக்க ஓட்டிப் பட்டியல் தரும் ஸ்கிரிப்ட் யாரிடமாவது இருக்கிறதா? லினக்ஸ், விண்டோஸ் எதுவானாலும் சரி.

இன்னொன்று: பழைய கோப்புகள் சிலவற்றில் டேக் திஸ்கி என்ற பழைய தமிழ் எழுத்துக் குறியேற்றத்தில் இருப்பதால் பிளேயரில் குப்பையாகத் தெரிகிறது. எம்பி3டேக் என்ற டேக் திருத்தும் மென்பொருளில் யூனிகோடுக்கு மொத்தமாக மாற்ற வழி உண்டா? கோப்பின் பெயர் மாறினால் எம்3யு பிளேலிஸ்ட் எல்லாம் அறுந்துவிடும், அதனால் டேக்கை மட்டும் தொடும் வழியாகச் சொல்லுங்கள்.