இடமாறுதல் மனுவுக்கு 14 மாதமாகப் பதில் இல்லை: ரிட் போடலாமா?

அரூர்க்காரன்:
தேன்கனிக்கோட்டைப் பக்கம் ஓர் அரசு அலுவலகத்தில் இளநிலை உதவியாளராக இருக்கிறேன். அம்மாவுக்கு வாரம் இரண்டு நாள் தருமபுரியில் டயாலிசிஸ். கூடப் போக என்னை விட்டால் ஆள் கிடையாது. மாவட்டம் மாறினால் முதுநிலைப் பட்டியலில் கடைசிக்குப் போய்விடுவேன். அதற்கும் சம்மதம் என்று எழுதித்தான் மனு கொடுத்தேன். பிறகு இரண்டு நினைவூட்டல்கள். அலுவலக முத்திரையோடு திரும்பி வந்த ஒப்புகை அட்டைகள் மூன்றும் பீரோவில் இருக்கின்றன. முடியாது என்றுகூட ஒரு வரி வரவில்லை. உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு போடலாமா?

ஓய்வுபெற்ற கண்காணிப்பாளர்:
வேண்டாம் தம்பி. ஓர் இடத்தில்தான் இருப்பேன் என்று கேட்க ஊழியருக்கு உரிமை இல்லை என்று ஷில்பி போஸ் வழக்கிலேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. நீங்கள் போனாலும் ‘மனுவைப் பரிசீலித்து இத்தனை வாரத்துக்குள் உத்தரவிடுக’ என்பார்கள். ‘நிர்வாக நலன் கருதி நிராகரிக்கப்படுகிறது’ என்று பதில் வரும். அப்படிப்பட்ட வரியை நானே பலமுறை வரைவு எழுதி வைத்திருக்கிறேன். இன்னொன்று, தளி, அஞ்செட்டிப் பக்கம் வர யாருக்கும் மனசில்லை. எல்லோரும் ஊருக்கே போய்விட்டால், மலையிலிருந்து இறங்கி வரும் ஜனங்கள் யாரிடம் மனு கொடுப்பார்கள்?

தகடூர் வக்கீல்:
ஐயா, ஷில்பி போஸ் வழக்கு, போட்ட மாறுதலை எதிர்த்தவர்கள் வழக்கு. இவர் கேட்பது பதில். இடத்தைக் கோர்ட் தராது, அது உண்மைதான். ஆனால் மனுவை எடுத்துப் பார் என்று அரசியலமைப்புச் சட்டத்தின் 226ஆவது பிரிவில் உயர் நீதிமன்றம் உத்தரவிட முடியும். காரணம் சொல்லாத நிராகரிப்பு வந்தால் அதையும் எதிர்க்கலாம். கோர்ட் வைத்த கெடு தாண்டினால் ஒரு வருடத்துக்குள் நீதிமன்ற அவமதிப்பு மனு.

தம்பி, இழுத்தடிக்க மட்டும் வேண்டாம். நம் மாநில ஊழியர் சி.ஜேக்கப் 1982இல் வேலை போய், சுமார் 18 வருடம் கழித்து மனு கொடுத்தார். அப்படிச் செத்துப்போன கோரிக்கைக்குப் ‘பரிசீலி’ என்று உத்தரவிடுவது உயிர் கொடுக்காது என்று 2008இல் உச்ச நீதிமன்றம் கண்டித்தது. உங்களுடையது இன்னும் உயிரோடு இருக்கிறது. நம் கிருஷ்ணகிரி, தருமபுரி இரண்டு மாவட்டத்துக்கும் சென்னை உயர் நீதிமன்றம்தான், மதுரைக் கிளை இல்லை.

ஓய்வுபெற்ற கண்காணிப்பாளர்:
உத்தரவு கையில் இருந்தால் நாற்காலி வந்துவிடுமா? கேஸ் போட்ட ஆள் என்ற பெயர் ஓய்வு பெறும்வரை கூடவே வரும். அதிகாரியை நேரில் பாருங்கள். முடிந்தால் பெரிய ஆள் யாரையாவது ஒரு வார்த்தை சொல்லச் சொல்லுங்கள்.

பென்னாகரம் டீச்சர்:
அதைத்தான் ஐயா 1973 நடத்தை விதிகள் கூடாது என்கின்றன. சிபாரிசுதான் விதிமீறல், கோர்ட்டுக்குப் போவது இல்லை. கணவர் ஓசூரில், நான் இங்கே, மூன்று வருடம் பதிலுக்குக் காத்திருந்தேன். குழந்தைக்குக் காய்ச்சல் வந்த ராத்திரியெல்லாம் அவர் போனில்தான் இருப்பார். ‘இல்லை’ என்று முதல் வருடமே சொல்லியிருந்தால் வீட்டையாவது ஓசூருக்கு மாற்றியிருப்போம். 2022இல் நௌசாத் ரகுமான் வழக்கில், மாறுதல் கொள்கை வகுக்கும்போது குடும்ப வாழ்க்கையையும் பார்க்க வேண்டும் என்று உச்ச நீதிமன்றமே சொல்லியிருக்கிறது.

ஆனால் மலை ஜனங்களைப் பற்றி ஐயா சொன்னது நியாயம். ‘மாற்று ஆள் வந்தபின் விடுவித்தால் போதும்’ என்று மனுவிலேயே எழுதுங்கள், அண்ணா.

அரூர்க்காரன்:
சரி. அந்த வரியைச் சேர்த்துத் திங்கட்கிழமை கடைசி மனு கொடுக்கிறேன். 30 நாள் பார்ப்பேன். பதில் வராவிட்டால் வக்கீல் சாரிடம் வக்காலத்து.

ஓய்வுபெற்ற கண்காணிப்பாளர்:
கோர்ட் வேண்டாம் என்றுதான் இப்போதும் சொல்வேன். ஆனால் டயாலிசிஸ் நோட்டில் தேதி போட்ட பக்கங்கள் எல்லாவற்றையும் நகல் எடுத்து இணைத்துவிடுங்கள், தம்பி. கோப்பில் அது இல்லாமல் போனால் மேலே யாரும் திறந்து பார்க்க மாட்டார்கள்.