மலையக வாக்குரிமை பற்றி ஆவணப்படம்: சட்டத்தை எப்படிக் காட்சியாக்குவது?

கொட்டகலை கமரா:
40 நிமிடப் படம். இலங்கை மலையகத் தேயிலைத் தோட்ட மக்களின் வாக்கு 1948இல் இருந்து பறிபோனதும் திரும்பக் கிடைத்ததும்தான் விஷயம். பேட்டிகளை மட்டும் அடுக்கினால் வகுப்புப் பாடம் போல ஆகிவிடுகிறது. சட்டத்தைக் கண்ணுக்குக் காட்ட வழி உண்டா? தோட்டத்தில் படம்பிடிக்கும்போது எதைக் கவனிக்க வேண்டும்?

பதுளை வாசகி:
பழைய பிறப்புச் சான்றிதழை எடுங்கள் தம்பி. தகப்பன் பிறந்த இடத்தோடு நிற்காமல், பாட்டன் இலங்கையில் பிறந்தவரா, பூட்டன் பிறந்தவரா என்றும் அதில் கட்டங்கள் இருக்கும். 1948ஆம் ஆண்டு 18ஆம் இலக்கப் பிரஜாவுரிமைச் சட்டம் கேட்டதும் அதைத்தான்: தகப்பன் இங்கே பிறந்திருக்க வேண்டும், இல்லையென்றால் பாட்டனும் பூட்டனும் பிறந்திருக்க வேண்டும். பிறப்பே பதியாத லயத்தில் (தோட்டத் தொழிலாளரின் வரிசை வீடுகளில்) இதற்கு ஆதாரம் எங்கே போய்த் தேடுவது? அந்த வெற்றுக் கட்டத்தை மெக்ரோ லென்ஸில் பத்து விநாடி அசையாமல் வையுங்கள். பெயரையும் இலக்கத்தையும் மறைக்க மறக்காதீர்கள்.

அடுத்து 1947 தேர்தல் முடிவு. தோட்ட மக்களின் கட்சியான இலங்கை இந்தியன் காங்கிரஸ் 7 ஆசனம் வென்றது. 1949இல் தேர்தல் சட்டத்தைத் திருத்தி, பிரஜைக்கு மட்டுமே வாக்கு என்றார்கள். 1952இல் அந்த 7 ஆசனத்தில் ஒன்றுகூட மிஞ்சவில்லை. இந்த இரண்டு தேர்தலையும் அடுத்தடுத்து வைத்தாலே போதும், குரல்வழி விளக்கம் வேண்டாம்.

மஸ்கெலியா ஒலி:
கொழுந்து எடுக்கும் நேரத்தில் பேட்டிக்குக் கூப்பிடாதீர்கள். கிலோ குறைந்தால் அரைப்பேர்தான் (அரைநாள் சம்பளம்தான்) விழும், அந்த நட்டம் உங்களால் வந்ததாகிவிடும். மாலையில் லயத்துக்குப் போங்கள். துரையிடம் (தோட்ட முகாமையாளரிடம்) எழுத்தில் அனுமதி வாங்குங்கள், வாய்ச்சொல்லை நம்பினால் பாதியில் நிறுத்திவிடுவார்கள். கொழுந்து எடுப்பவர்கள் இடுப்பில் சுற்றும் படங்குக்குப் பக்கத்தில் காலர் மைக் குத்தினால் சரசரப்புத்தான் பதியும், கழுத்துக்குக் கிட்டக் குத்துங்கள். பனியில் நின்ற கமராவை அடுப்பு எரியும் லயக் காம்பராவுக்குள் (அறைக்குள்) நேரே கொண்டுபோனால் லென்ஸ் வியர்த்துவிடும். பையை மூடியபடியே அரை மணித்தியாலம் உள்ளே வைத்துவிட்டுத் திறவுங்கள். வாக்களிப்பு நிலையத்துக்குள் கமராவே வேண்டாம், வெளியே வரிசையோடு நிறுத்திக்கொள்ளுங்கள்.

கொட்டகலை கமரா:
நன்றி அக்கா, அண்ணே. உள்ளூராட்சி மன்றமான பிரதேச சபையையும் சேர்க்கலாமா?

பதுளை வாசகி:
கட்டாயம். இந்திய வம்சாவளியினருக்குப் பிரஜாவுரிமை கொடுத்த 2003ஆம் ஆண்டு 35ஆம் இலக்கச் சட்டத்தோடு கதை முடிந்தது என்று நினைத்தால் தவறு. 1987 பிரதேச சபைச் சட்டத்தின் 33ஆம் பிரிவு, தோட்டக் குடியிருப்புக்குச் சபைப் பணத்தைச் செலவிடத் தடையாக நின்றது. அதைத் திருத்தியது 2018இல்தான். வாக்குக் கையில் இருந்தும் பாதை போடச் சபையால் முடியாத காலம் அது. தோட்ட எல்லையில் தார் முடிகிற இடத்தைத் தேடிப்பிடித்து எடுங்கள்.

திருத்தத்துக்குப் பின் எந்தத் தோட்டத்துக்கு எவ்வளவு செலவானது என்று 2016ஆம் ஆண்டு 12ஆம் இலக்கத் தகவலறியும் உரிமைச் சட்டத்தின் கீழ் சபையின் தகவல் அலுவலரிடம் தமிழிலேயே கேளுங்கள். 14 வேலை நாளுக்குள் முடிவு சொல்ல வேண்டும். "தோட்ட அபிவிருத்தி" என்று பொதுவாகக் கேட்டால் பொதுவான பதில்தான் வரும். ஆண்டு, வட்டாரம், பாதையின் பெயர் மூன்றையும் எழுதுங்கள். மறுத்தால் 14 நாளுக்குள் குறித்தளிக்கப்பட்ட அலுவலருக்கு மேன்முறையீடு. கடிதம் ஒப்படைத்த திகதிமுத்திரையையும் படம்பிடித்து வையுங்கள், பதில் வராவிட்டால் அதுவே ஒரு காட்சி.