மத்தியதரைக் கடல் வற்றியதா? உப்புக் கணக்கு இடிக்கிறதே

தேன்சிட்டு:
வணக்கம். சுமார் 59.7 லட்சம் ஆண்டுகளுக்கு முன் தொடங்கி 53.3 லட்சம் ஆண்டுகளுக்கு முன்புவரை மத்தியதரைக் கடல் அட்லாண்டிக்கோடு தொடர்பு குறைந்து வற்றிய கதையைப் பதினோராம் வகுப்புக்கு நடத்த வேண்டும். கடலடி உப்புப் படுகை சில இடங்களில் 1 கி.மீ.க்கும் மேல் தடிமன். ஆனால் சராசரி ஆழம் 1,500 மீ., லிட்டருக்கு 38 கிராம் உப்பு என்று வைத்தால், முழுக்க வற்றினாலும் 26 மீ. உப்புதான் தேறும். மீதி எங்கிருந்து வந்தது? தட்டில் உப்புத் தண்ணீரைக் காயவைத்துக் காட்டலாம் என்றால் அதிலும் வெறும் படலம்தான் மிஞ்சுகிறது.

நீரோட்டம்:
உங்கள் 26 மீ. சரிதான். 'ஒரே தடவை வற்றியது' என்று எடுத்துக்கொண்டதுதான் பிசகு. மத்தியதரைக் கடலும் அட்லாண்டிக்கும் சேரும் ஜிப்ரால்டர் நீரிணையில் இன்று மேலே அட்லாண்டிக் தண்ணீர் உள்ளே வருகிறது; உப்பு கூடிக் கனத்த தண்ணீர் அடியில் வெளியே போகிறது. உப்பு சேராமல் இருப்பதற்கு அந்த அடிநீரோட்டம்தான் காரணம். அன்றைய வாசல்கள் தெற்கு ஸ்பெயினிலும் வடக்கு மொராக்கோவிலும் இருந்தன. நிலம் உயர உயர அவை மேடாகின. அப்போது முதலில் அடைபடுவது அடியில் வெளியேறும் தண்ணீர். மேலே வருவது கசிந்தாவது வந்துகொண்டே இருக்கும். வந்த தண்ணீர் ஆவியாக, உப்பு மட்டும் தங்கும். மொத்தப் படுகை சுமார் 10 லட்சம் கன கி.மீ. என்பார்கள்; அதாவது இன்றைய மத்தியதரைக் கடல் முழுவதிலும் கரைந்திருக்கும் உப்பைப் போல 15 மடங்கு.

உப்பளத்தான்:
செய்முறைக்கு வீட்டு உப்பு வேண்டாம், அதில் ஜிப்சம் (கால்சியம் சல்பேட் தாது) வராது. நல்ல கடல்நீர் 1 லிட்டர் எடுத்து, துணியில் வடிகட்டி, அகலத் தட்டில் வெயிலில் வையுங்கள். 200 மி.லி. அளவுக்குச் சுண்டும்போது ஊசி ஊசியாக அடியில் படிவதுதான் ஜிப்சம். ஒரு கிராம் சொச்சம்தான் இருக்கும், உருப்பெருக்கி கொடுங்கள். தெளிந்த நீரை வேறு தட்டுக்கு இறுத்துவிடுங்கள். 100 மி.லி. ஆகும்போது சதுரச் சதுரமாக உப்பு விழும். அதன்பின் தினமும் கொஞ்சம் கடல்நீர் ஊற்றி, ஒருபோதும் முழுதாக உலரவிடாதீர்கள். படுகை கண்முன்னே தடிக்கும். முழுக்கக் காயவிட்டால் மக்னீசிய உப்புகளும் சேர்ந்து கசக்கும், காற்றின் ஈரத்தை இழுத்துப் பிசுபிசுக்கும். தூத்துக்குடி உப்பளங்களிலும் கசப்பு நீரை வடித்துவிடுவது இதற்காகத்தான்.

கரைமேடு:
ஒன்று சேர்த்துக்கொள்ளுங்கள். உப்பு படிய கடல் வறண்டிருக்கவே வேண்டியதில்லை. ஆழமான உப்புநீருக்கடியிலும் படியும். அதனால் உப்பை மட்டும் காட்டி 'கடல் பாலைவனமானது' என்று சொல்லக் கூடாது. நீர்மட்டம் இறங்கியதற்கு வலுவான சாட்சி ஆற்றுப் பள்ளங்கள். அஸ்வான் அணைக்காகத் துளையிட்டபோது நைல் நதிக்கு அடியில், இன்றைய கடல்மட்டத்துக்கு 150 மீட்டருக்கும் கீழே, பாறையில் வெட்டிய பழைய பள்ளத்தாக்கு தெரிந்தது. உள்ளே நிரம்பியிருந்தது பின்னால் வந்த கடல் சேறு. கெய்ரோ பக்கம் அதே பள்ளம் 2 கி.மீ.க்கும் மேல் ஆழம். கடல் இறங்கினால்தான் ஆறு அவ்வளவு கீழே அறுக்க முடியும். பிரான்சின் ரோன் ஆற்றுக்கும் இப்படியொரு புதைந்த பள்ளம் உண்டு. எவ்வளவு இறங்கியது, எத்தனை முறை என்பதில்தான் இன்னும் வாதம் நடக்கிறது. பிள்ளைகளுக்கு அந்த வாதத்தையும் சேர்த்தே சொல்லுங்கள்.