ஃபிராங்க் தாமஸ்: முதல் பேஸை விட்டபின் சராசரி ஏன் குறைந்தது?

கேள்வி:
நண்பர்களுக்கு வணக்கம். அமெரிக்க பேஸ்பால் அணியான சிகாகோ ஒயிட் சாக்ஸுக்காக 1990 முதல் 2005 வரை ஆடிய ஃபிராங்க் தாமஸ், ‘முதல் பேஸ்’ என்னும் தடுப்பாட்ட இடத்தில் தொடங்கி, பிற்காலத்தில் மட்டை பிடிப்பதற்கு மட்டுமே களமிறங்கும் ‘டெசிக்னேட்டட் ஹிட்டர்’ ஆனார். தடுப்பாட்டச் சுமை நீங்கினால் மட்டைவீச்சு மேம்பட வேண்டும் அல்லவா?

பதில் 1:
முதல் பேஸில் நின்று ஆடிய ஆட்டங்களில் அவருடைய மட்டைவீச்சுச் சராசரி (மட்டை பிடித்த முறைகளில் பந்தை அடித்து பேஸை எட்டிய விகிதம்) 0.337, டெசிக்னேட்டட் ஹிட்டராக ஆடியவற்றில் ஏறத்தாழ 0.275. ஆனால் இந்த ஒப்பீட்டை அப்படியே ஏற்க எனக்கு மனம் வரவில்லை. ஏனெனில் 1993, 1994 ஆகிய இரு ஆண்டுகளிலும் அமெரிக்கன் லீக்கின் (அந்நாட்டின் இரு முதன்மை பேஸ்பால் லீக்குகளில் ஒன்று) சிறந்த ஆட்டக்காரர் விருதை அவர் வென்றது முதல் பேஸில் ஆடிய இளமையில்தான். வயதையும் காயங்களையும் கணக்கில் சேர்க்க வேண்டும்.

பதில் 2:
முந்தைய பதிலை வழிமொழிகிறேன். தன் முறைக்காகக் காத்திருக்கையில் துருப்பிடித்த இரும்புக் கம்பியைச் சுழற்றித் தோளைச் சூடேற்றுவார். ஆனால் அவருடைய உண்மையான வலிமை பொறுமையே. 521 ஹோம் ரன் (எல்லா பேஸ்களையும் சுற்றி வர வைக்கும் அடி) அடித்த ஒருவர், ஸ்டிரைக் அவுட் (மூன்று ஸ்டிரைக்கால் ஆட்டமிழப்பது) ஆனதைவிட அதிகமாக, 1,667 முறை ‘வாக்’ (நான்கு தவறான பந்துகளை அடிக்காமல் விட்டு முதல் பேஸுக்குச் செல்லும் வாய்ப்பு) பெற்றிருப்பது வியப்புக்குரியது. கால் காயத்தால் 2005 உலகத் தொடரில் (பேஸ்பால் சாம்பியனைத் தீர்மானிக்கும் இறுதித் தொடர்) ஆட முடியாமல் போனவர், மறு ஆண்டே ஓக்லண்ட் அணிக்காக 39 ஹோம் ரன் அடித்தார்.

பதில் 3:
2014இல் முதல் வாக்கெடுப்பிலேயே பேஸ்பால் புகழ்மன்றத்துக்குத் தேர்வானார். தம் ஆட்டங்களில் பாதிக்கும் மேல் டெசிக்னேட்டட் ஹிட்டராக ஆடிய ஒருவருக்கு அந்தக் கதவு திறந்தது அதுவே முதன்முறை.