ஃபிலிப் மேடாக்: ஒரே காட்சியை இரண்டு மொழியில் நடிப்பது எப்படி?

கேள்வி: வளசரவாக்கம் வாசகர்

வணக்கம். தமிழ், தெலுங்கு இரண்டுக்கும் ஒரே செட்டில், ஒரே கால்ஷீட்டில் எடுக்கும் தொடர்களில் குணச்சித்திர வேடம் செய்பவர்களுக்குப் பயன்படுகிற மாதிரி விளக்கம் தேவை. வேல்ஸ் நடிகர் ஃபிலிப் மேடாக், அந்த நாட்டு மொழியான வெல்ஷிலும் ஆங்கிலத்திலும் இப்படித்தான் நடித்தார். அவருக்கு அது எப்படிக் கைவந்தது? எந்த வேடங்களைப் பார்த்தால் பிடிபடும்? ஷூட்டிங் எப்படி நடக்கும், எங்கே சொதப்பும்?

பதில்: பழைய டிவி

மேடாக் முதலில் மொழிக்காரர், பிறகுதான் நடிகர். 1934 ஜூலை 5 அன்று தெற்கு வேல்ஸில் இரும்பும் நிலக்கரியும் வளர்த்த மெர்தர் டிட்வில் ஊரில் பிறந்தார். இயற்பெயர் ஃபிலிப் ஆர்வன் ஜோன்ஸ். அங்கே ஜோன்ஸ் என்பது நம் ஊர் குமார் மாதிரி, தெருவுக்கு நாலு பேர். கார்டிஃபில் மொழிகள் படித்து, வியன்னா பல்கலைக்கழகத்துக்கும் போய், உரைபெயர்ப்பாளராக வேலை பார்த்த பின்னர்தான் லண்டன் ராடா நடிப்புப் பள்ளிக்கு வந்தார். உரைபெயர்ப்பாளர் வார்த்தையைத் தூக்கிக்கொண்டு ஓடுவதில்லை. பேசுபவர் என்ன நோக்கத்தில் சொல்கிறார் என்பதைப் பிடித்து அடுத்த மொழியில் இறக்குவார். மேடாக்கின் நடிப்புக்கு அடித்தளம் அதுதான்.

வெளிநாட்டு வில்லன் வேடம் அவருக்கு நிறைய வந்தது. ‘டாக்டர் ஹூ’ என்ற பிரிட்டிஷ் அறிவியல் புனைகதைத் தொடரில் நான்கு கதைகளில் நான்கு வேறு வேறு ஆட்களாக வந்தார். 1971இல் ‘தி லாஸ்ட் ஆஃப் தி மோஹிகன்ஸ்’ தொடரில் மகுவா என்ற அமெரிக்கப் பூர்வகுடிப் போர்வீரர் வேடம். 1981இல் ஒன்பது பாகத் தொடரில் லாயிட் ஜார்ஜ். தாய்மொழி ஆங்கிலம் அல்லாத ஒரே பிரிட்டிஷ் பிரதமர் லாயிட் ஜார்ஜ்தான், அவர் வீட்டுமொழி வெல்ஷ். அந்த வேடம் இவருக்கு வாய்த்ததில் ஒரு நியாயம் இருக்கிறது. நீங்கள் கேட்கும் இருமொழி வேலை, 1994 முதல் 2002 வரை வந்த ‘எ மைண்ட் டு கில்’ துப்பறியும் தொடர். நோயல் பெய்ன் என்ற போலீஸ் அதிகாரி. மேடாக் 2012 மார்ச் 5 அன்று 77 வயதில் காலமானார்.

ஆனால் முதலில் பார்க்க வேண்டியது ‘எ மைண்ட் டு கில்’ அல்ல. இரண்டாம் உலகப் போர்க்கால ஊர்க்காவல் படையைப் பற்றிய பிரிட்டிஷ் நகைச்சுவைத் தொடர் ‘டாட்ஸ் ஆர்மி’யின் 1973 எபிசோட் ஒன்றில் பிடிபட்ட ஜெர்மன் நீர்மூழ்கிக் கேப்டனாக வருவார், அதைப் பாருங்கள். கைதி அவர்தான், ஆனால் அறையே அவர் பிடியில் இருக்கும். குரலை உயர்த்துவதே இல்லை. தன்னை அவமதித்தவர்களின் பெயரைப் பட்டியலில் சேர்ப்பதாக மிரட்டுகிறார். ஹிட்லரைக் கிண்டல் செய்து பாடிய பைக் என்ற ஊர்க்காவல் படைப் பையனிடம் பெயர் கேட்கிறார். ‘சொல்லாதே, பைக்!’ என்று அவனுடைய கேப்டனே பெயரைக் கத்திவிடுகிறார். பிரிட்டனில் இன்றும் நினைவில் வைத்திருக்கும் நகைச்சுவை அது. சிரிப்பு எதிராளியின் வசனத்தில் விழுகிறது, ஆனால் அதைத் தாங்குவது மேடாக்கின் நிதானம். அவர் கொஞ்சம் கண்ணைச் சிமிட்டியிருந்தாலும் கவிழ்ந்திருக்கும்.

பதில்: சிங்க் சவுண்ட்

நடைமுறை நான் சொல்கிறேன். 1982 நவம்பரில் வெல்ஷ் மொழிக்கென்று எஸ்4சி சேனல் வந்தது. வெல்ஷ் பார்வையாளர் குறைவு, செலவு அதிகம். அதனால் ஒரே கதையை ஆங்கிலத்திலும் எடுத்து விற்கும் வழி பிறந்தது. 2013இல் வந்த ‘ஹிண்டர்லாண்ட்’ துப்பறியும் தொடர் வரைக்கும் இதே வழிதான்.

ஒரு மொழியில் முழுக் காட்சியையும் முடித்துவிட்டு அடுத்ததற்குப் போவதில்லை. கேமரா, லைட் அசையாமல், அதே ஷாட்டை ஒரு மொழியில் ஓகே வாங்கி, உடனே அடுத்த மொழியில் எடுப்பார்கள். பிறகுதான் சஜஷன் (எதிராளியின் தோளுக்குப் பின்னாலிருந்து எடுக்கும் ஷாட்), க்ளோஸ்-அப். வசனமில்லாத ஷாட்டுகள் இரண்டுக்கும் பொது. கடிதம், செய்தித்தாள், போர்டு தெரிந்தால் இரண்டு மொழியிலும் தனித்தனி இன்சர்ட், அதாவது அந்தப் பொருளை மட்டும் காட்டும் ஷாட். ஷாட் தொடங்கும்போது காட்டும் கிளாப் பலகையில் மொழியைக் குறிக்காமல் விட்டால் எடிட்டிங் டேபிளில் ஒருவர் நாள் முழுக்கத் தலையைப் பிய்த்துக்கொள்ள வேண்டியதுதான்.

சறுக்கும் இடம் வாக்கிய அமைப்பு. வெல்ஷில் வினைச்சொல் முதலில் வரும்: ‘பார்த்தேன் நான் ஓர் ஆளை’ என்கிற வரிசை. ஆங்கிலத்தில் வினை நடுவில். முக்கியச் சொல் விழும் இடம் மாறினால், எதிரே நிற்பவர் திரும்ப வேண்டிய நொடியும் மாறும். முதல் மொழியில் கையிலிருந்த டீ கப்பைக் கீழே வைத்த அதே சொல்லில் இரண்டாவதிலும் வைக்கப் பார்த்தால் நடிப்பு பொம்மலாட்டமாகிவிடும். அசைவைச் சொல்லோடு கட்டாதீர்கள், எண்ணத்தோடு கட்டுங்கள். ஒரு மொழிக்குள் கன்டினியூட்டி, அதாவது ஷாட்டுக்கு ஷாட் அசைவும் பொருளும் பொருந்துவது, சரியாக இருந்தால் போதும். அசோசியேட் டைரக்டரிடம் இரண்டு மொழிக்கும் தனித்தனிக் குறிப்பு கேளுங்கள்.

கேள்வி கேட்டவர்

நன்றி சார். தமிழும் தெலுங்கும் இரண்டுமே வினை கடைசியில் வரும் மொழிகள். அப்படியானால் நமக்கு எளிது இல்லையா? பக்கத்தில் ஒருவர் வசனம் எடுத்துக்கொடுக்கும் பிராம்ப்டிங் வேறு இருக்கிறதே.

பதில்: சிங்க் சவுண்ட்

வரிசை எளிதுதான், ஆபத்து வேறு. இரண்டிலும் பொதுவான வடமொழிச் சொற்கள் நிறைய இருப்பதால் தமிழ் உச்சரிப்பு தெலுங்கில் தன்னையறியாமல் நுழையும். ‘பயம்’ என்பதைத் தெலுங்கில் மூச்சழுத்தத்தோடு ‘ப’ சொல்ல வேண்டும். தமிழ் டேக் முடிந்த சூட்டில் சொன்னால் கட்டாயம் விட்டுப்போகும். அந்தச் சொற்களை மட்டும் பேப்பரில் வட்டமிட்டு, டேக்குக்கு முந்தைய ஒத்திகையான மானிட்டரின்போதே வாய்விட்டுச் சொல்லிவிடுங்கள்.

பிராம்ப்டிங் வேண்டாம். பிராம்ப்டர் குரல் காதில் விழுந்து, பிறகு வாய் அசைவதற்குள் ஒரு இடைவெளி விழும். கண் எதிராளியை விட்டு குரல் வரும் பக்கம் போகும், லுக் கெடும். டப்பிங்கில் குரலைச் சரிசெய்யலாம். கண்ணைச் சரிசெய்ய முடியாது. லைவ் சவுண்ட் என்றால் பிராம்ப்டர் குரலும் சேர்ந்து பதிவாகும்.

பதில்: பழைய டிவி

ஒன்று சேர்க்கிறேன். கோடம்பாக்கத்துக்கு இது புதிதல்ல. 1955இல் ‘மிஸ்ஸம்மா’ தெலுங்கிலும் ‘மிஸ்ஸியம்மா’ தமிழிலும் வந்தபோது நாயகன் மாறினார்: அங்கே என்.டி.ராமராவ், இங்கே ஜெமினி கணேசன். சாவித்திரியும் எஸ்.வி.ரங்காராவும் இரண்டிலும் இருந்தார்கள். ரங்காராவ் காட்சி ஒன்றை இரண்டிலும் அடுத்தடுத்து ஓடவிட்டு, முதலில் ஒலியை நிறுத்தி உடம்பை மட்டும் பாருங்கள். பிறகு படத்தை மறைத்துவிட்டு, எந்தச் சொல்லுக்கு முன் மூச்சு வாங்குகிறார் என்று மட்டும் கேளுங்கள். நோயல் பெய்னின் இரு மொழி வடிவங்களும் கிடைத்தால் அதற்கும் இதே வழிதான்.