4க்கு 6 அடி போதுமா? பாத்ரூம், டாய்லெட் சேர்த்துக் கட்ட விதிப்படி எவ்வளவு இடம் வேண்டும்?

புதுவீடு_திருச்சி

எல்லோருக்கும் வணக்கம். 20க்கு 30 அடி மனையில் கீழே ஒரு வீடு, மேலே ஒரு மாடி என்று கட்டப் போகிறோம். இரண்டு பக்கமும் பக்கத்து வீட்டுச் சுவர், முன்னாலும் பின்னாலும்தான் வெளிச்சம். பிளானில் படுக்கையறையை ஒட்டி, வீட்டின் நடுவில், 4க்கு 6 அடியில் குளியலறையும் டாய்லெட்டும் சேர்த்து ஒன்று வருகிறது. அது போக மாடிப்படிக்குக் கீழே, ஹாலில் இருந்து போகிற மாதிரி இன்னொரு டாய்லெட்.

4க்கு 6 ரொம்ப நெருக்கடியாக இருக்காதா என்று இன்ஜினியரிடம் கேட்டோம். "கோடுபடி (கட்டட விதித்தொகுப்பின்படி) 1.8 சதுர மீட்டர் இருந்தால் போதும், இது 2.2க்கு மேல் வருகிறது" என்கிறார். மேஸ்திரியோ 5க்கு 7 இல்லாமல் கட்டாதீர்கள் என்று தலையில் அடித்துக்கொள்கிறார். யார் சொல்வது சரி? மாமியார் எங்களோடுதான் இருக்கிறார், முழங்கால் வலி, தரையில் உட்கார முடியாது. ஒரு அடி கூட்டினால் படுக்கையறையில் பீரோ வைக்க இடம் போய்விடும், அதனால்தான் தெளிவாகத் தெரிந்துகொள்ளக் கேட்கிறேன்.

ஈரோடு_பில்டர்

இன்ஜினியர் சொன்ன 1.8 கோடில் இருக்கிறதுதான். நிறைய வீடுகளில் 4க்கு 6 கட்டிக் கொடுத்திருக்கிறோம், புழங்கிக்கொண்டுதான் இருக்கிறார்கள். சின்ன மனையில் வேறு வழி கிடையாது.

சைட்_இன்ஜினியர்

1.8 கோடில் இருக்கிறது, ஆனால் எதற்கு என்று பார்க்க வேண்டும். இந்திய தர நிர்ணய அமைவனத்தின் தேசியக் கட்டடக் கோடில் (2016 பதிப்பு) சாதாரண வீட்டுக்குத் தனிக் குளியலறை என்றால் குறைந்தது 1.8 சதுர மீட்டர், அகலம் 1.2 மீட்டர். தனி டாய்லெட் என்றால் 1.1 சதுர மீட்டர், அகலம் 0.9 மீட்டர். இரண்டும் ஒரே அறையில் என்றால் 2.8 சதுர மீட்டர், அகலம் 1.2 மீட்டர். உங்களுடையது சேர்ந்த அறை, அதனால் உங்களுக்குப் பொருந்துவது 2.8, அதாவது சுமார் 30 சதுர அடி. சேர்ந்த அறைக்கே 1.8 போதும் என்று ஒரு இடத்தில் வரும், அது குறைந்த வருமானப் பிரிவினருக்கான குடியிருப்புகளுக்குக் கொடுத்த தனித் தளர்வு. அங்கே ஒரு அறை வீட்டையே சில நூறு சதுர அடிக்குள் அடக்க வேண்டியிருக்கும், அதற்காகக் குறைத்தது. சொந்தக் காசில் மாடி வைத்துக் கட்டுகிற வீட்டுக்கு அதை எடுத்துக் காட்டுவது நியாயமில்லை.

இன்னொரு விஷயம், இதை யாரும் சொல்ல மாட்டார்கள். பிளானில் 4க்கு 6 என்று போட்டிருப்பது பெரும்பாலும் செங்கல் சுவருக்குச் செங்கல் சுவர் அளவு. அதன் மேல் பூச்சு, டைல்ஸ் ஒட்டும் கலவை, டைல்ஸ் எல்லாம் சேர்ந்து ஒவ்வொரு பக்கமும் ஒன்றேகால் இஞ்ச் தின்றுவிடும். கடைசியில் உங்கள் கையில் மிஞ்சுவது 3 அடி 9½ இஞ்சுக்கு 5 அடி 9½ இஞ்ச், கிட்டத்தட்ட 22 சதுர அடி, 2.04 சதுர மீட்டர். பரப்பும் போதவில்லை, அகலமும் 1.2 மீட்டருக்குக் கீழே போய்விட்டது. 2.8 நிஜமாகவே கிடைக்க வேண்டும் என்றால் செங்கல் அளவில் 5 அடி 3 இஞ்சுக்கு 6 அடி 3 இஞ்ச் வையுங்கள், அல்லது அறை நீளவாக்கில்தான் வரும் என்றால் 4 அடி 3 இஞ்சுக்கு 8 அடி. மேஸ்திரி சொன்ன 5க்கு 7 தாராளமாகத் தாண்டிவிடும். அந்த மேஸ்திரியை விட்டுவிடாதீர்கள்.

நடுவீட்டில் பாத்ரூம் என்பதுதான் எனக்கு அதைவிடக் கவலை. குறைந்தது ஒரு சுவராவது வெளிக்காற்றுக்குத் திறக்க வேண்டும், இல்லாவிட்டால் காற்றுக் குழிக்குத் திறக்க வேண்டும் என்பது விதி. 10 மீட்டர் உயரம் வரையுள்ள கட்டடத்துக்கு அந்தக் குழி 1.2 சதுர மீட்டர், ஒரு பக்கம் குறைந்தது 0.9 மீட்டர். 3 அடிக்கு 4½ அடி ஓ.டி.எஸ். (வானத்துக்குத் திறந்த காற்றுக் குழி) ஒன்று விட்டால் போதும், மேலே வரைக்கும் திறந்திருக்க வேண்டும், பிற்பாடு ஷீட் போட்டு மூடக் கூடாது. எக்ஸாஸ்ட் ஃபேன் வைத்து மாடிப்படிப் பக்கம் காற்றைத் தள்ளுகிறேன் என்று யாராவது சொன்னால் ஒத்துக்கொள்ளாதீர்கள், ஈரமும் நாற்றமும் மறுபடி வீட்டுக்குள்தான் சுற்றும்.

பிளம்பிங்_வேலை

சார் அளவெல்லாம் சரியாகச் சொல்லிவிட்டார், நான் படிக்குக் கீழே வருகிற டாய்லெட்டைப் பற்றிச் சொல்கிறேன். குளியலறை, டாய்லெட் எதுவானாலும் தரையில் இருந்து கூரையின் ஆகத் தாழ்ந்த இடம் வரை 2.1 மீட்டர் இருக்க வேண்டும், கிட்டத்தட்ட 6 அடி 11 இஞ்ச். படியின் அடிப்பக்கம் சரிவாக வருவதால் உயரமான பக்கத்தை அளந்துவிட்டு ஏழடி இருக்கிறதே என்பார்கள், அளக்க வேண்டியது தாழ்ந்த பக்கம். தளத்துக்குத் தளம் 10 அடி என்றால் நடு லேண்டிங் 5 அடியில் நிற்கும், அதன் கனம் போக அடியில் 4½ அடிதான், அங்கே ஆள் நிமிரவே முடியாது. உயரம் கிடைக்கிற பக்கத்தில் மட்டும் டாய்லெட்டை வைத்து, சரிந்த பக்கத்தைச் சுவர் எழுப்பிப் பிரித்து மோட்டாருக்கோ சாமானுக்கோ விட்டுவிடுங்கள். உயரம் வேண்டும் என்று தரையைப் பள்ளம் பண்ண மட்டும் சம்மதிக்காதீர்கள். தெருச் சாக்கடை மட்டத்துக்குக் கீழே போனால் வாட்டம் கிடைக்காது, மழை நாளில் அத்தனையும் திரும்பி உள்ளே வரும்.

4க்கு 6க்குள் கமோட் போட்டுப் பார்த்தவன் என்ற முறையில் சொல்கிறேன்: பின்சுவரில் இருந்து கமோட் நுனி வரைக்கும் 27 இஞ்ச் போகும். டைல்ஸுக்குப் பிறகு மிச்சம் சுமார் மூன்றரை அடிதான், அதில்தான் வாளி, குழாய், கதவு, ஆள் எல்லாம். குளித்தால் கமோட் முழுக்க நனையும், அடுத்துப் போகிறவர் ஈரத்தில்தான் கால் வைக்க வேண்டும். கமோட்டின் மையத்தில் இருந்து இரண்டு பக்கச் சுவருக்கும் 15 இஞ்ச், முன்னால் 2 அடி, இந்த இரண்டும் எந்தக் காரணத்துக்காகவும் குறையக் கூடாது. எஸ் ட்ராப்பா (கழிவு தரை வழியாக இறங்குவது) பி ட்ராப்பா (பின்சுவர் வழியாகப் போவது) என்று கமோட்டை முதலில் முடிவு செய்துவிட்டு அப்புறம் பைப் இறக்கச் சொல்லுங்கள். மேல் மாடி பாத்ரூமுக்குச் சங்கன் (பைப் ஓடுவதற்காகத் தளத்தைப் பள்ளமாக இறக்கிப் போடுவது) போட்டால் நிரப்புவதற்கு முன்னால் தண்ணீர் கட்டி இரண்டு நாள் விட்டு அடியில் கசிகிறதா பாருங்கள்.

மதுரை_மகள்

சகோதரி, மாமியாருக்காக என்றால் நான் சொல்வதையும் கேளுங்கள், என் அம்மாவை வைத்துப் பார்க்கிறேன். கதவு வெளிப்பக்கம் திறக்க வேண்டும். உள்ளே மயங்கி விழுந்தால் உடம்பு கதவை அடைத்துக்கொள்ளும், உள்பக்கம் திறக்கிற கதவைத் தள்ளவே முடியாது. வெளியில் இருந்தும் திறக்கிற மாதிரி தாழ்ப்பாள் போடுங்கள். வழக்கமாக வைக்கிற இரண்டரை அடிக் கதவில் வாக்கர் இடித்துக்கொண்டே போகும், மூன்றடி வையுங்கள். சக்கர நாற்காலி திரும்ப 1.5 மீட்டர் வட்டம் வேண்டும், உங்கள் மனையில் அது கஷ்டம்தான், ஆனால் ஒருவர் கைத்தாங்கலாகக் கூடவே உள்ளே போக இடம் கட்டாயம் வேண்டும். 4க்கு 6இல் அதற்கு வழியே இல்லை. கமோட் உட்காரும் உயரம் 18 இஞ்ச் வருகிற மாதிரி பாருங்கள், சாதாரணமாக வருவது முட்டிக்குத் தாழ்வு. பிடித்து எழுந்திருக்கக் கம்பி வருகிற இடத்தில் சுவர் திடமாக இருக்க வேண்டும் என்று இப்போதே மேஸ்திரியிடம் சொல்லி வையுங்கள்.

பீரோவை எங்கே வேண்டுமானாலும் மாற்றி வைக்கலாம். பாத்ரூம் சுவரை எப்படி நகர்த்துவீர்கள்?

ஈரோடு_பில்டர்

2.8 கணக்கு சரிதான் சார், மறுக்கவில்லை. ஆனால் அனுமதிக்குக் கொடுக்கும்போது யாரும் இதைப் பார்ப்பதில்லையே?

சைட்_இன்ஜினியர்

பார்ப்பதில்லை என்பதுதான் பிரச்சினை. தமிழ்நாட்டில் 2024 ஜூலையில் இருந்து 2500 சதுர அடி வரை மனை, 3500 சதுர அடி வரை கட்டடம் என்றால் சுயசான்று முறையில் உடனடியாக அனுமதி கிடைக்கிறது. வேலை சுலபமானது நல்லதுதான், ஆனால் பிளானை இன்னொருவர் உட்கார்ந்து அளந்து பார்க்கிற கட்டம் போய்விட்டது. வீட்டுக்காரர்தான் டேப் பிடித்துப் பார்க்க வேண்டும்.

புதுவீடு_திருச்சி

எல்லோருக்கும் ரொம்ப நன்றி. இன்ஜினியரிடம் 2.8ஐச் சொன்னதும் பிளானை மறுபடி போடச் சம்மதித்துவிட்டார். இப்போது படுக்கையறையில் இருந்து இடம் எடுத்து 5 அடி 3 இஞ்சுக்கு 7 அடி, பக்கத்தில் ஓ.டி.எஸ். என்று வருகிறது. ஒரு கேள்வி மட்டும் மிச்சம்: ஓ.டி.எஸ்.ஸின் இன்னொரு பக்கம் சமையலறை வருகிறது. சமையலறை ஜன்னலையும் அதே குழிக்குத் திறக்கலாமா?

சைட்_இன்ஜினியர்

வேண்டாம். டாய்லெட்டின் கதவோ ஜன்னலோ நேராகச் சமையலறைக்குள் திறக்கக் கூடாது என்று கோடிலேயே இருக்கிறது. நடுவில் குழி இருந்தாலும் 3 அடி அகலத்தில் எதிரெதிரே இரண்டு ஜன்னல் என்றால் அந்தக் காற்றுதான் இங்கே வரும். சமையலறைக்குப் பின்சுவரில் ஜன்னல் வையுங்கள், ஓ.டி.எஸ்.ஸைப் பாத்ரூமுக்கு மட்டும் விட்டுவிடுங்கள். குழியின் அடியில் சிமெண்ட் தளம் போட்டு ஒரு நகானி ட்ராப் (தரைத் தண்ணீர் வடிகிற வடிகால்) வைத்து, உள்ளே ஆள் இறங்கிக் கழுவ ஒரு சின்னக் கதவும் விடச் சொல்லுங்கள்.