கலைச்சொல்: துருக்கியின் ‘மஹல்லே’க்குச் ‘சுற்றுப்புறம்’ வேண்டாமே

குழுவினருக்கு வணக்கம். துருக்கி ஊர்களைப் பற்றிய கட்டுரைகளுக்கான கலைச்சொல் பட்டியலுக்கு வந்த முன்மொழிவுக்கு என் பதில் இது.

> கோய் = கிராமம், மஹல்லே = சுற்றுப்புறம், முக்தார் = கிராமத் தலைவர். இப்படி முடித்துக்கொள்ளலாமா?

முதலாவதில் எனக்குச் சண்டை இல்லை. ‘ஊர்’ என்றால் இன்னும் நல்லது. இடிப்பது நடுவில் இருக்கும் மஹல்லேதான், அதாவது நகராட்சியின் கீழ் வரும் மிகச் சிறிய நிர்வாகப் பகுதி. ‘மலையடிவாரத்தில் உள்ள இந்தச் சுற்றுப்புறத்தின் மக்கள் ஆடு வளர்க்கின்றனர்’ என்று ஒரு கட்டுரை தொடங்கினால் படிப்பவர் என்ன நினைப்பார்? எதன் சுற்றுப்புறம் என்றுதானே கேட்பார்?

இந்தக் குழப்பத்துக்குக் காரணம் துருக்கியின் சட்டம். 1924ஆம் ஆண்டின் 442ஆம் எண் ஊர்ச் சட்டம், 2,000 பேருக்குக் குறைவாக வாழும் இடத்தைக் ‘கோய்’ என்கிறது. தலைக்கணக்கோடு நிற்கவில்லை. பள்ளிவாசல், பள்ளிக்கூடம், மேய்ச்சல் நிலம் என்று பொதுச் சொத்து இருக்க வேண்டும் என்றும் சொல்கிறது. அந்தச் சொத்தை வைத்துக்கொள்ள, ஊரே சட்டத்தின் கண்ணில் ஓர் ஆள். அதன் சார்பில் முத்திரை குத்துகிறவர் முக்தார். அவரோடு ஒரு மூத்தோர் குழு உண்டு. ஊர் ஆசிரியரும் இமாமும் தேர்தலில் நிற்காமலேயே அதில் உறுப்பினர்கள்.

2012இல் 6360ஆம் எண் சட்டம் வந்தது. மொத்தம் 81 மாகாணங்களில் 30 பெருநகர மாகாணங்கள் ஆயின, அதாவது மாகாணம் முழுவதும் ஒரே பெருநகராட்சியின் எல்லைக்குள் வந்தது. அவற்றில் இருந்த 16,000க்கும் மேற்பட்ட ஊர்கள் 2014 உள்ளாட்சித் தேர்தலோடு ‘மஹல்லே’ ஆகிவிட்டன. முக்தார் இருக்கிறார், ஊர்தான் சட்டப்படி இல்லை. மேய்ச்சல் நிலமும் பொதுக் கட்டடமும் மற்ற அமைப்புகளின் கைக்குப் போயின.

மக்கள்தொகைப் பகுதியை எழுதுகிறவர்கள் இங்கேதான் சறுக்குவார்கள். மாகாண, மாவட்டத் தலைநகரங்களில் வாழ்வோர் 2012இல் 77.3 விழுக்காடு, 2013இல் 91.3. ஒரே வருடத்தில் 14 புள்ளி! யாரும் மூட்டை கட்டவில்லை. ஆடும் ஆளும் அதே மேட்டில்தான். பலகை மட்டும் மாறியது. இதைப் பார்த்து ‘வேகமான நகரமயமாதல்’ என்று எழுதினால் பிழை. ‘சுற்றுப்புறம்’ என்ற சொல்லும் அதே பிழையைத்தான் செய்கிறது.

> வார்டு என்றே போடலாமே.

வார்டிலிருந்து கவுன்சிலர் போவார். மஹல்லேயிலிருந்து நகர்மன்றத்துக்கு அப்படி ஒருவர் போவதில்லை. அங்கே தேர்ந்தெடுப்பது முக்தாரையும் அவருடைய குழுவையும் மட்டும்தான். அதிலும் கட்சிகள் வேட்பாளர் நிறுத்த முடியாது.

‘மஹல்லா’ என்றே வைக்கலாம் என்று முதலில் எனக்கும் ஆசை இருந்தது. ஒரே அரபுச் சொல், தமிழ் முஸ்லிம்கள் நாள்தோறும் புழங்குவது. ஆனால் நம்மிடம் அது ஒரு பள்ளிவாசலைச் சேர்ந்த குடும்பங்களைக் குறிக்கிறது. அரசாங்க அலகு என்று தோன்றாது. உத்திரமேரூர்க் கல்வெட்டின் ‘குடும்பு’ம் நினைவுக்கு வந்தது. ஊரை முப்பது குடும்பாகப் பிரித்துக் குடவோலை எடுத்தார்களே, அது. பொருள் நெருங்கி வருகிறது. ஆனால் பாதிப் பேர் அதைக் ‘குடும்பம்’ என்று திருத்திவிட்டுத்தான் அடுத்த வேலை பார்ப்பார்கள்.

என் முன்மொழிவு: நகரத்து மஹல்லேக்கு நகர்க்கூறு, ஊராக இருந்து மாறியதற்கு ஊர்க்கூறு. 2020இல் துருக்கியே ‘கிர்சால் மஹல்லே’, அதாவது நாட்டுப்புற மஹல்லே, என்று தனி வகை கொண்டுவந்து வரிச்சலுகையும் குறைந்த குடிநீர்க் கட்டணமும் கொடுத்தது. அவர்களுக்கே பிரித்துச் சொல்ல வேண்டியிருக்கும்போது நமக்கும் இரண்டு சொல் வேண்டும்.

முக்தாரை அப்படியே விட்டுவிடலாம். ‘தேர்ந்தெடுக்கப்பட்டவர்’ என்பதுதான் பொருள். பழைய பத்திரங்களின் ‘முக்தியார்நாமா’வில் இருப்பதும் இதே சொல்தான்.

(மாகாணத்தை ஆளும் ‘வாலி’யை மட்டும் தயவுசெய்து ‘ஆளுநர்’ ஆக்கிவிடுங்கள். கிஷ்கிந்தை குறுக்கே வருகிறது.)

அன்புடன்.

--------

மறுமொழி:

ஐயா, வணக்கம்.

> நகரத்து மஹல்லேக்கு நகர்க்கூறு, ஊராக இருந்து மாறியதற்கு ஊர்க்கூறு

‘கூறு’ என்றதும் சந்தையில் கூறு கட்டி வைத்த கத்தரிக்காய்தான் எனக்கு முதலில் தெரிந்தது. அப்புறம் யோசித்தால், அந்தச் சட்டம் செய்ததும் அதுதானே! ஊர்க்கூறு எனக்குச் சம்மதம்.

முக்தாரைத் தமிழாக்காமல் விடுவதற்கு இன்னொரு காரணமும் உண்டு. ‘நாட்டாண்மை’, ‘மணியக்காரர்’ என்றெல்லாம் முன்பு இங்கே பேசினோம். அவற்றைப் படித்தால் மீசை வைத்த ஒருவர்தான் கண்ணுக்குள் வருகிறார். துருக்கியில் பெண்களுக்கு முக்தார் தேர்தலில் வாக்களிக்கவும் நிற்கவும் உரிமை வந்தது 1933இல். அதே ஆண்டு அய்தின் மாகாணத்தில் குல் எசின் என்ற பெண் முக்தார் ஆகிவிட்டார். அவருடைய கட்டுரையில் ‘நாட்டாண்மை’ என்று எழுதக் கை வராது.

ஒரு திருத்தம் மட்டும். பெருநகர மாகாணம் அல்லாத மற்ற 51இலும் கோய் இன்னும் கோய்தான். ஆகவே கட்டுரை எழுதும் முன் எந்த மாகாணம் என்று பார்த்துவிட்டு ஊர், ஊர்க்கூறு இரண்டில் ஒன்றைப் போட வேண்டும். இந்த வரியையும் சேர்த்து ஞாயிற்றுக்கிழமை பட்டியலில் ஏற்றிவிடுகிறேன். மூத்தோர் குழுவுக்கு ‘மூப்பர் அவை’ என்று ஒருவர் எழுதியிருந்தார். தேவாலய வாடை அடிப்பதால் அதை எடுத்துவிட்டேன். மறுப்பு இருந்தால் அதற்குள் சொல்லுங்கள்.